ஜெமினி சிஎல்ஐ: டீஃபால்ட் மாடலும் டூல் அவுட்புட் சுருக்கமும்

டெர்மினலில் ஓடும் கூகிளின் ஏஐ கோடிங் உதவியாளரான ஜெமினி சிஎல்ஐ பற்றி நான் பார்த்த தமிழ் வீடியோக்களில் பாதிக்கு மேல் இன்ஸ்டால் செய்வதோடு முடிந்துவிடுகின்றன. டெர்மினலில் ஒரு வரி தட்டி, கூகிள் கணக்கில் நுழைந்து, "எனக்கு ஒரு ஆப் செஞ்சு கொடு" என்று கேட்டு, அது செய்து தந்ததும் சுபம். பழைய கோடு மண்டிக் கிடக்கிற ஒரு நிஜமான புராஜெக்ட்டுக்குள் இதை இறக்கி வேலை வாங்கும்போது என்ன ஆகிறது என்பதுதான் எனக்குத் தெரிய வேண்டியிருந்தது. அதனால் முழு மென்பொருளையும் இங்கே அளக்கப் போவதில்லை. செட்டிங்ஸ் ஃபைலில் இருக்கிற இரண்டு விஷயங்களை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்: டீஃபால்ட் மாடலாக எதை வைப்பது, டூல் அவுட்புட்டை (மாடல் ஓட்டுகிற கமாண்டுகள் கக்கும் உரையை) சுருக்கி மாடலிடம் கொடுக்கும் வசதியை ஆன் செய்வதா வேண்டாமா. பார்க்க இரண்டும் சம்பந்தமில்லாத வசதிகள் போல இருக்கும். பெரிய மாடலைத் தேர்ந்தெடுத்துவிட்டு, அது படிக்கப்போவதை ஒரு சின்ன மாடல் எழுதித் தரும்படி விட்டால் எதற்குப் பெரிய மாடல் என்ற கேள்வி வருகிறதே, அங்கேதான் இரண்டும் சேருகின்றன.

தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக. ஜெமினி சிஎல்ஐ 2025 ஜூன் 25 அன்று வெளியானது, அப்பாச்சி 2.0 உரிமத்தில் ஓப்பன் சோர்ஸ், நோட் ஜேஎஸ் மேல் ஓடுகிறது, டைப்ஸ்கிரிப்ட்டில் எழுதப்பட்டது. வெளிவந்தபோது சொந்த கூகிள் கணக்கில் நுழைந்தாலே நிமிடத்துக்கு 60, நாளைக்கு 1,000 கோரிக்கைகள் இலவசம் என்று அறிவித்தார்கள், ஜெமினி 2.5 ப்ரோவும் அதன் பத்து லட்சம் டோக்கன் ஜன்னலும் கூடவே வந்தன (டோக்கன் என்பது மாடல் உரையை எண்ணுகிற சின்னத் துண்டு, ஜன்னல் என்பது அது ஒரே நேரத்தில் படிக்கக்கூடிய அளவு). டெர்மினலில் உட்கார்ந்து ஃபைல்களைப் படிக்கும், திருத்தும், உங்களைக் கேட்டுவிட்டு ஷெல் கமாண்டுகளை ஓட்டும். சோர்ஸ் கோடு திறந்து கிடப்பதால் "உள்ளே என்ன நடக்கிறது" என்று ஊகிக்க வேண்டியதில்லை, போய்ப் படித்துவிடலாம். இந்த விமர்சனத்தில் பாதி அப்படிப் படித்ததில் வந்ததுதான்.

முதலில் டீஃபால்ட் மாடல். ஹோம் டைரக்டரியில் புள்ளி-ஜெமினி என்ற ஃபோல்டருக்குள் செட்டிங்ஸ் ஜேசன் ஃபைல் ஒன்று இருக்கும், அது உங்கள் எல்லா வேலைக்கும் பொது. அதே பெயரில் ஒவ்வொரு புராஜெக்ட்டுக்குள்ளும் ஒன்று வைக்கலாம், வைத்தால் அந்த இடத்தில் புராஜெக்ட் ஃபைல் சொல்வதே செல்லும். நிறுவனத்தில் சிஸ்டம் அளவில் அட்மின் வைக்கும் செட்டிங்ஸ் இருந்தால் அது இரண்டையும் மீறும். இவை எல்லாவற்றுக்கும் மேலே என்விரான்மென்ட் வேரியபிள் (புரோகிராம் ஓடும் சூழலில் பெயரிட்டு வைக்கிற மதிப்பு), அதற்கும் மேலே கமாண்ட் லைனில் நீங்கள் தட்டுகிற ஃபிளாக். இந்த வரிசை ஆவணத்தில் தெளிவாகவே இருக்கிறது, ஆனால் படிக்காமல் தாண்டிப் போகிறவர்கள்தான் அதிகம். "செட்டிங்ஸில் ஃபிளாஷ் என்று மாற்றினேன், ஆனால் ப்ரோதான் ஓடுகிறது" என்று (ப்ரோ பெரிய மாடல், ஃபிளாஷ் அதைவிடச் சின்னது, மலிவானது) யாராவது சொன்னால், முதலில் புராஜெக்ட்டுக்குள் அந்த வேரியபிள்களை எழுதி வைக்கிற என்வ் ஃபைலைத் திறந்து பார்க்கச் சொல்லுங்கள். 'ஜெமினி மாடல்' என்ற வேரியபிளை டீமில் யாரோ எப்போதோ போட்டு வைத்திருப்பார்கள். செட்டிங்ஸ் ஃபைலை நீங்கள் எத்தனை முறை மாற்றினாலும் அந்த ஒரு வரி ஜெயித்துக்கொண்டே இருக்கும், எந்த எச்சரிக்கையும் வராது. "உங்கள் செட்டிங்ஸில் இது, ஆனால் என்விரான்மென்ட்டில் அது, நான் இதைத்தான் எடுத்தேன்" என்று தொடங்கும்போதே ஒரு வரி காட்டினால் எவ்வளவு நன்றாக இருக்கும். திரையின் கீழே மாடல் பெயர் தெரிகிறது, ஒப்புக்கொள்கிறேன், எங்கிருந்து வந்தது என்பது தெரியவில்லை.

இன்னொரு விஷயம் ஃபால்பேக். டீஃபால்ட்டான ப்ரோ மாடலில் வேலை செய்யும்போது கோரிக்கை வரம்பில் முட்டினால், நின்றுபோகாமல் அந்த செஷனுக்கு ஃபிளாஷுக்கு மாறிக்கொள்ளும் ஏற்பாடு ஆரம்பப் பதிப்புகளிலேயே உண்டு, ஆவணத்திலும் எழுதியிருக்கிறார்கள். வேலை நிற்காதே என்று சிலருக்கு இது வரம். எனக்குப் பிடிக்கவில்லை. மூன்று ஃபைல்களில் பரவிக்கிடக்கிற ஒரு பூட்டுச் சிக்கலைத் துரத்திக்கொண்டிருக்கும்போது நடுவில் மாடல் மாறுவதைவிட, "வரம்பு முடிந்தது, அப்புறம் வா" என்று சொல்லிவிடுவது மேல். தனி ஏபிஐ கீ போட்டுப் பணம் கட்டி ஓட்டினால் இந்தத் தொல்லை குறையும், ஆனால் அங்கே மீட்டர் ஓடும்.

மீட்டர் என்றதும் விலை. 2.5 வரிசைக்கு கூகிள் அறிவித்த விலையில், ப்ரோவுக்கு இன்புட் பத்து லட்சம் டோக்கனுக்கு 1.25 டாலர், அதுவும் ஒரு கோரிக்கை 2 லட்சம் டோக்கனுக்குள் இருந்தால்தான். தாண்டினால் 2.50. ஃபிளாஷுக்கு 0.30, ஃபிளாஷ்-லைட்டுக்கு 0.10. அவுட்புட் விலை தனி, ப்ரோவுக்கு 10 டாலரில் தொடங்குகிறது. இந்த 2 லட்சம் என்ற கோடு முக்கியம். பத்து லட்சம் டோக்கன் ஜன்னல் என்று விளம்பரத்தில் படித்துவிட்டு எல்லாவற்றையும் உள்ளே கொட்டுகிறவர்கள், ஐந்தில் ஒரு பங்கிலேயே விலை இரட்டிப்பாவதைக் கவனிப்பதில்லை.

என் பரிந்துரை நேரானது. பொதுச் செட்டிங்ஸில் ஃபிளாஷை டீஃபால்ட்டாக வைத்துவிட்டு, கனமான புராஜெக்ட்டில் மட்டும் புராஜெக்ட் ஃபைலில் ப்ரோவை வையுங்கள். கமிட் செய்தி எழுதவும், "இந்த ரீஜெக்ஸ் என்ன செய்கிறது" என்று கேட்கவும் ப்ரோ வேண்டாம். தலைகீழாக வைத்து, தேவைப்படும்போது ஃபிளாக் போட்டு ஃபிளாஷுக்கு இறங்கலாமே என்று நினைக்கலாம், நடைமுறையில் யாரும் இறங்கமாட்டார்கள், மேலே இருப்பதே பழகிவிடும்.

சரி, இப்போது டூல் அவுட்புட்டுக்கு வருவோம், சுவாரசியம் இங்கேதான்.

மாடல் ஒரு ஷெல் கமாண்டை ஓட்டுகிறது என்றால் அது கக்குகிற முழு உரையும் உரையாடல் வரலாற்றில் போய் உட்கார்ந்துகொள்ளும். ஒருமுறை உட்கார்ந்தால் அடுத்த ஒவ்வொரு சுற்றிலும் அந்த உரை மறுபடி மாடலுக்கு அனுப்பப்படுகிறது, ஏனென்றால் மாடலுக்குச் சொந்த நினைவு கிடையாது, ஒவ்வொரு முறையும் முழுக் கதையையும் முதலிலிருந்து படித்துத்தான் பதில் சொல்கிறது. ஜாவா புராஜெக்ட்டைக் கட்டும் மேவன் பில்ட் ஒன்றை வெறுமனே ஓட்டினால் "டவுன்லோடிங் ஃப்ரம் சென்ட்ரல்" என்று பக்கம் பக்கமாக வரும் இல்லையா, அது 20,000 டோக்கன் என்று வையுங்கள். அதற்குப் பிறகு 30 சுற்று பேசினால் அந்த டவுன்லோட் வரிகளுக்காக மட்டும் 6 லட்சம் டோக்கன் அனுப்பியிருப்பீர்கள். ப்ரோ விலையில் முக்கால் டாலர். கேஷிங் (மறுபடி வரும் உரைக்குக் குறைந்த விலை) வந்தால் குறையும், சரி, ஆனாலும் யாரும் படிக்காத வரிகளுக்குக் கொடுத்த காசு. காசை விடுங்கள், வரலாறு குப்பையால் நிரம்பினால் மாடல் தொடக்கத்தில் நீங்கள் சொன்ன நிபந்தனையைக் கோட்டைவிடத் தொடங்கும், பெரிய இழப்பு அதுதான்.

இதற்கு ஜெமினி சிஎல்ஐ கொடுக்கிற மருந்துதான் 'சம்மரைஸ் டூல் அவுட்புட்' என்ற செட்டிங். அதற்குள் டூலின் பெயரைக் கொடுத்து, 'டோக்கன் பட்ஜெட்' என்று ஒரு எண்ணைக் கொடுத்தால், அந்த டூலின் அவுட்புட் பெரிய மாடலுக்குப் போகும் முன் ஒரு சின்ன மாடல் அதைப் படித்து, நீங்கள் சொன்ன அளவுக்குள் சுருக்கி எழுதும். ஃபிளாஷ்-லைட் விலையில் அந்த 20,000 டோக்கனைப் படிக்க ஆகிற செலவு ஒரு சென்ட்டில் ஐந்தில் ஒரு பங்கு. டீஃபால்ட்டாக ஆஃப். ஆவணப்படி 'ரன் ஷெல் கமாண்ட்' என்ற ஒரே டூலுக்கு மட்டும்தான் இது வேலை செய்யும். ஃபைல் படிக்கும் டூலுக்கோ, இணையத்திலிருந்து பக்கம் எடுக்கும் டூலுக்கோ, எம்சிபி சர்வர்கள் (வெளிக் கருவிகளை மாடலோடு இணைப்பவை) கொண்டுவந்து கொட்டுவதற்கோ கிடையாது. எம்சிபி டூல்கள் ஜேசனாகக் கொட்டுகிற கொட்டில்தான் சுருக்கம் அதிகம் தேவைப்படுகிறது, அங்கே இல்லாதது எனக்குப் பெரிய குறையாகப் படுகிறது.

சோர்ஸ் கோடில் இந்தப் பகுதி மிகச் சிறியது, ஒரு டீ குடிக்கும் நேரத்தில் படித்து முடித்துவிடலாம். நான் படித்த பதிப்பில் கண்டவை இவை.

சுருக்கும் மாடலுக்குக் கொடுத்திருக்கிற அறிவுரை கவனமாக எழுதப்பட்டது. டைரக்டரி பட்டியல் போலக் கட்டமைப்புள்ள அவுட்புட் என்றால் உரையாடலின் சூழலைப் பார்த்து எது தேவை என்று எடு, சாதாரண உரை என்றால் சுருக்கு, ஷெல் கமாண்டின் அவுட்புட் என்றால் பிழையின் ஸ்டாக் டிரேஸை (பிழை எந்தெந்த வரிகள் வழியாக வந்தது என்ற பட்டியலை) வெட்டாமல் முழுதாகத் தனி டேகுக்குள் கொடு, வார்னிங் இருந்தால் அதையும் தனி டேகில் போடு என்கிறது. யோசித்து எழுதியிருக்கிறார்கள். சுருக்கும் முயற்சி ஏதாவது காரணத்தால் தோற்றால் மூல உரையை அப்படியே அனுப்பிவிடுகிறது, அதுவும் சரியான முடிவு.

ஆனால் எப்போது சுருக்க வேண்டும் என்ற முடிவு எடுக்கிற இடத்தைப் பாருங்கள். உரையின் நீளம் பட்ஜெட்டைவிடக் குறைவாக இருந்தால் தொடாமல் விட்டுவிடு என்கிறது கோடு. நீளம் என்றால் டோக்கன் இல்லை, எழுத்துகள். பட்ஜெட் டோக்கனில், ஒப்பிடுவது எழுத்து எண்ணிக்கையோடு. இது உத்தேசக் கணக்குதான் என்று கமென்ட்டிலேயே எழுதி வைத்திருக்கிறார்கள், மறைக்கவில்லை. ஆனால் விளைவை யோசியுங்கள். ஜெமினிக்கு ஒரு டோக்கன் ஏறக்குறைய நான்கு எழுத்து என்று கூகிளே சொல்கிறது. பட்ஜெட்டை 2,000 என்று வைத்தால் 2,000 எழுத்தைத் தாண்டிய எதுவும், அதாவது ஆங்கிலத்தில் சுமார் 500 டோக்கன் உள்ள உரைகூட, சுருக்க அனுப்பப்படும். 500 டோக்கன் உரையை 2,000 டோக்கனுக்குள் சுருக்கு! ஏற்கெனவே பட்ஜெட்டில் கால்வாசி இருக்கிற ஒன்றை இன்னொரு மாடலிடம் கொடுத்து, ஒரு கூடுதல் அழைப்பைச் செலவழித்து, சில நொடி காத்திருந்து, மூலத்தைவிடத் துல்லியம் குறைந்த ஒன்றைத் திரும்ப வாங்குகிறோம். 'கிட் ஸ்டேட்டஸ்' கொஞ்சம் நீளமாக வந்தாலே இந்தக் கதைதான். தமிழ் டேட்டாவோடு வேலை செய்கிறவர்களுக்கு இந்தக் கணக்கு இன்னும் விசித்திரமாகப் போகும், ஏனென்றால் நம் கண்ணுக்கு மூன்றெழுத்தாகத் தெரியும் 'தமிழ்' ஜாவாஸ்கிரிப்ட்டின் எண்ணிக்கையில் 5. புள்ளியும் கொம்பும் காலும் தனித்தனி எண்ணிக்கை.

அடுத்தது இதைவிடப் பெரிது. சுருக்கம் போவது மாடலுக்கு மட்டும். உங்கள் திரையில் மூல அவுட்புட்தான் தெரியும். அதாவது நீங்கள் முழு லாகையும் பார்த்துக்கொண்டு "அந்த மூணாவது வார்னிங்கைச் சரி பண்ணு" என்கிறீர்கள், மாடலின் கையில் இருப்பதோ வேறு ஒரு உரை, அதில் மூன்றாவது வார்னிங் எது என்பதை இன்னொரு மாடல் தீர்மானித்திருக்கிறது. பெரிய டாக்டர் நோயாளியைப் பார்க்காமல் ஜூனியர் எழுதிய கேஸ் ஷீட்டை மட்டும் வைத்து மருந்து எழுதுகிற மாதிரி, ஜூனியர் கெட்டிக்காரராக இருந்தால் பிரச்சினையில்லை, ஆனால் ஷீட்டில் என்ன எழுதினார் என்று உங்களுக்கும் காட்டமாட்டேன் என்றால் எப்படி? சுருக்கத்தையும் திரையில் ஒரு மடிப்புக்குள்ளாவது காட்டியிருக்க வேண்டும். இந்த வசதியில் எனக்கு மிகப் பெரிய மனக்குறை இதுதான். கமாண்டின் எக்ஸிட் கோடும் அதே உரைக்குள் ஒரு வரியாகத்தான் சுருக்குகிறவரிடம் போகிறது, அதைக் காப்பாற்றித் தரும்படி அறிவுரையில் தனியாகச் சொல்லவில்லை. கமாண்ட் தோற்றதா ஜெயித்ததா என்பது இன்னொரு மாடலின் வார்த்தைக்கு விடக்கூடிய விஷயமா?

எங்கே இது உதவும், எங்கே வைக்கவே கூடாது என்பதற்கு ஒரு விதி வைத்திருக்கிறேன். அவுட்புட்டின் சாரம் போதும் என்றால் சுருக்கம் நல்லது, எழுத்துக்கு எழுத்து தேவை என்றால் ஆபத்து. எம்பிஎம் இன்ஸ்டால், டாக்கர் பில்ட், மேவன் டவுன்லோட், பெரிய லின்ட் ரிப்போர்ட் எல்லாம் முதல் ரகம். "முடிந்தது, இரண்டு வார்னிங், ஒரு லைப்ரரி பழசு" என்று மூன்று வரி வந்தால் மாடலுக்குப் போதும்.

சர்வர், டேட்டாபேஸ் போன்றவற்றைக் கட்டும் டெர்ராஃபார்ம் என்ற கருவி, தான் என்ன மாற்றப் போகிறது என்று முன்கூட்டியே காட்டும் பிளான் இரண்டாவது ரகம். பிளானின் கடைசி வரி "இத்தனை சேர்க்க, இத்தனை மாற்ற, இத்தனை அழிக்க" என்று எண்ணிக்கை சொல்லும், சுருக்கம் அதை நிச்சயம் தூக்கிக்கொண்டு வரும், ஆனால் எந்த ஒரு சின்ன ஆட்ரிப்யூட் மாறியதால் டேட்டாபேஸையே அழித்துவிட்டு மறுபடி கட்டப் போகிறது என்பது நடுவில் ஒரு வரியில் இருக்கும். அந்த ஒரு வரிதான் முழு பிளானும். கோடில் மாறிய வரிகளைக் காட்டும் 'கிட் டிஃப்' அதே ரகம், சுருக்கிய டிஃபை வைத்து ஒரு மாடல் கோடு திருத்தப் பார்த்தால் எந்த வரியைத் தேடி மாற்றும்?

டெஸ்ட் அவுட்புட் இரண்டுக்கும் நடுவில் தொங்குகிறது, இதைப் பற்றித்தான் பலர் தவறாக நம்புகிறார்கள் என்று நினைக்கிறேன். ஸ்டாக் டிரேஸ் முழுதாக வரும் என்று அறிவுரை சொல்கிறது, நல்லது. ஆனால் பைத்தான் டெஸ்ட் கருவியான பைடெஸ்ட்டில் ஒரு அசெர்ட் (மதிப்புச் சோதனை) தோற்றால் உங்களுக்குத் தேவையானது எதிர்பார்த்த மதிப்புக்கும் கிடைத்த மதிப்புக்கும் உள்ள வேறுபாடு, அது சில சமயம் வரிக் கடைசியில் ஒரு ஸ்பேஸ், ஒரு டைம்ஸோன், தசமத்துக்குப் பிறகு ஒரு இலக்கம். "எதிர்பார்த்ததும் கிடைத்ததும் பொருந்தவில்லை" என்று சின்ன மாடல் அழகாக ஒரு வாக்கியம் எழுதிக் கொடுத்தால் பெரிய மாடல் என்ன செய்யும்? மறுபடி அதே டெஸ்ட்டை ஓட்டும். மறுபடி அதே சுருக்கம் வரும். டோக்கன் மிச்சம் பிடிக்கப் போய் சுற்றுகளில் அதை இழப்பது இப்படித்தான்.

பின்னால் வந்த பதிப்புகளில் இன்னொரு வழியும் சேர்ந்திருக்கிறது, எனக்கு அதுதான் பிடித்திருக்கிறது. அவுட்புட் ஒரு எல்லையைத் தாண்டினால் அதைச் சுருக்காமல் வெட்டுவது. வெட்டும்போது முதலில் ஐந்தில் ஒரு பங்கு, கடைசியில் மீதி நான்கு பங்கு வரிகளை வைத்துக்கொண்டு நடுவைத் தூக்கிவிடுகிறது. பில்ட் லாகில் தலையைவிட வாலில்தான் விஷயம் இருக்கும் என்று தெரிந்தவர் எழுதிய கணக்கு அது. முழு அவுட்புட்டையும் ஒரு தற்காலிக ஃபைலில் போட்டுவிட்டு, "முழுதும் இங்கே இருக்கிறது, வேண்டுமென்றால் படித்துக்கொள்" என்று மாடலுக்கு ஃபைலின் பாதையையும் சொல்கிறது. எதுவும் தொலையவில்லை, எதையும் யாரும் மாற்றி எழுதவில்லை, கூடுதல் மாடல் அழைப்பும் இல்லை. வெட்டிய உரையில் இருக்கிற ஒவ்வொரு வரியும் உண்மையான வரி, சுருக்கத்தைப் பற்றி அப்படிச் சொல்ல முடியாது.

இதே வேலைக்கான மற்ற கருவிகள் எப்படி என்றால், கிளாட் கோட் வெட்டுகிற பக்கம் நிற்கிறது, பாஷ் அவுட்புட்டுக்கு எழுத்து எல்லை ஒன்றை என்விரான்மென்ட் வேரியபிளாக வைக்கலாம், எம்சிபி அவுட்புட்டுக்கு 25,000 டோக்கன் என்று தனி டீஃபால்ட் எல்லை உண்டு. ஜெமினியில் எம்சிபி-க்குச் சுருக்கம் இல்லை என்று மேலே புலம்பினேனே, அதோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். எய்டர் வேறு ரகம். அங்கே பெரிய மாடல், எடிட்டர் மாடல், வீக் மாடல் என்று மூன்று பதவி, மூன்றையும் ஒரே கான்ஃபிக் ஃபைலில் தனித்தனியாக நியமிக்கலாம். கமிட் செய்தி எழுதுவதும் பழைய உரையாடலைச் சுருக்குவதும் வீக் மாடலின் வேலை என்று வெளிப்படையாகவே எழுதி வைத்திருக்கிறார்கள். ரன் கமாண்ட் கொடுத்து எதையாவது ஓட்டினால் "இந்த அவுட்புட்டைச் சாட்டில் சேர்க்கவா?" என்று கேட்கிறது. பழைய பாணிதான், ஒவ்வொரு தடவையும் பதில் சொல்ல அலுப்பாகவும் இருக்கும், ஆனால் மாடல் எதைப் படிக்கிறது என்பதில் சந்தேகமே வராது. ஜெமினி சிஎல்ஐ-யில் சுருக்குகிற மாடல் எது என்று அந்த செட்டிங்கிலேயே சொல்ல இடமில்லை, டோக்கன் பட்ஜெட் மட்டும்தான். புதிய பதிப்புகளில் 'மாடல் கான்ஃபிக்ஸ்' என்ற பகுதிக்குள் போய் மாற்ற வழி இருக்கிறது, ஆனால் அந்தப் பகுதியைப் பார்த்தால் சாதாரணமாகப் பயன்படுத்துகிறவருக்காக எழுதியது போலத் தெரியவில்லை.

சுருக்கமா வெட்டா என்று யோசிப்பதற்கு முன்னால் செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது, இதை யாரும் சொல்வதில்லை. சத்தத்தை உற்பத்தியாகிற இடத்திலேயே குறையுங்கள். மேவனுக்கு டிரான்ஸ்ஃபர் ப்ரோக்ரஸ் காட்டாதே என்று ஒரு ஃபிளாக் உண்டு, 3.6.1 பதிப்பிலிருந்து இருக்கிறது. பைடெஸ்ட்டுக்கு அமைதி ஃபிளாக்கும் டிரேஸ்பேக்கைச் சின்னதாகக் கொடு என்ற ஃபிளாக்கும் உண்டு. எம்பிஎம்-முக்கு சைலன்ட். கிட் டிஃபுக்கு முதலில் ஸ்டாட் மட்டும் பார், அப்புறம் வேண்டிய ஃபைலுக்கு மட்டும் முழு டிஃப் எடு. இவற்றை புராஜெக்ட்டில் மாடலுக்கான குறிப்புகளை எழுதி வைக்கிற ஜெமினி எம்டி ஃபைலில் ஐந்தாறு வரியாக எழுதி வைத்துவிட்டால் மாடல் பெரும்பாலும் அப்படியே ஓட்டுகிறது. இதற்கு டோக்கன் செலவு கிட்டத்தட்ட இல்லை, எந்தத் தகவலும் திரிவதில்லை, கருவி மாறினாலும் அதே குறிப்பு உதவும். மேலே சொன்ன மேவன் கணக்கில் அந்த 20,000 டோக்கனில் பெரும்பகுதி பிறக்கவே பிறக்காது.

இதோடு குழப்பிக்கொள்ளக் கூடாத இன்னொன்று, கம்ப்ரஸ் கமாண்ட். அது முழு உரையாடலையும் ஒரு சுருக்கமாக மாற்றுவது, நீங்கள் கேட்டும் செய்யலாம், ஜன்னலின் குறிப்பிட்ட பங்கைத் தாண்டினால் தானாகவும் நடக்கும், அந்தப் பங்கு எவ்வளவு என்பதையும் செட்டிங்ஸில் மாற்றலாம். ஒரு வேலை முடிந்து அடுத்ததற்குப் போகும்போது நீங்களாகவே கம்ப்ரஸ் கொடுத்துவிடுவது நல்ல பழக்கம். நடு வேலையில் தானாக நடப்பது அவ்வளவு நல்லதில்லை. ஸ்டாட்ஸ் கமாண்டைப் போட்டுப் பார்த்தால் டோக்கன் எங்கே போகிறது என்று தெரியும், அடிக்கடி போடுங்கள், முக்கியமாக இலவசக் கணக்கில் இருப்பவர்கள், ஏனென்றால் சுருக்குவதற்காகப் போகிற ஒவ்வொரு அழைப்பும் ஒரு கோரிக்கைதான்.

என் செட்டிங்ஸ் இப்போது இப்படி இருக்கிறது. பொது ஃபைலில் ஃபிளாஷ், சுருக்கம் ஆஃப். பேக்எண்ட் புராஜெக்ட்டில் ப்ரோ, சுருக்கம் ஆஃப், ஜெமினி எம்டி-யில் அமைதி ஃபிளாக்குகள். பழைய ஜாவா புராஜெக்ட் ஒன்றில் மட்டும் சுருக்கம் ஆன், பட்ஜெட் 4,000, ஏனென்றால் அங்கே ஆன்ட் ஸ்கிரிப்ட்டுகள் கக்குவதை எந்த ஃபிளாக்காலும் அடக்க முடியவில்லை, அவற்றில் எழுத்துக்கு எழுத்து பார்க்க வேண்டியதும் எதுவும் இல்லை. ஆவணத்தில் உள்ள உதாரணம் ஒன்றில் பட்ஜெட் 100 என்று போட்டிருக்கிறார்கள், தயவுசெய்து அதை அப்படியே காப்பி அடிக்காதீர்கள். 100 டோக்கனுக்குள் ஸ்டாக் டிரேஸும் வெட்டாமல் வர வேண்டும் என்றால் அந்தச் சின்ன மாடல் பாவம் என்ன செய்யும்? டெர்ராஃபார்ம் போன்ற இன்ஃப்ரா வேலை நடக்கிற ரெப்போவில் இந்த செட்டிங்கைத் தொடவே வேண்டாம்.

மதிப்பெண் கேட்பவர்களுக்கு: டீஃபால்ட் மாடல் ஏற்பாட்டுக்கு ஐந்தில் நான்கு, ஒன்றைக் குறைத்தது அந்த அறிவிப்பில்லாத என்விரான்மென்ட் வேரியபிளுக்காக. சுருக்கத்துக்கு இரண்டரை, அதில் ஒன்று டீஃபால்ட்டாக ஆஃப் வைத்த புத்திசாலித்தனத்துக்கு. வெட்டிவிட்டு ஃபைலில் வைப்பதற்கு நான்கரை.

2025 செப்டம்பரில் செட்டிங்ஸ் ஃபைலின் அமைப்பையே மாற்றினார்கள், அதற்கு முன்பு மேல்மட்டத்தில் தனியாக இருந்த சுருக்க செட்டிங் இப்போது 'மாடல்' என்ற பகுதிக்குள் இருக்கிறது, மாடலின் பெயரும் அங்கேதான். தானாக மாற்றித் தரும் ஏற்பாடு உண்டு என்றாலும், இணையத்தில் கிடைக்கிற பழைய உதாரணங்களை எடுத்து ஒட்டுகிறவர்கள் தங்கள் ஃபைலை ஒருமுறை திறந்து பார்த்துக்கொள்ளுங்கள்.